ஏணியின் மேல் சுடப்பட்ட பிரதர் மறைசாட்சி ஆனது எப்படி?

கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். நீங்கள் பங்கில் மறைக்கல்வி வகுப்பு எடுப்பவர். பிப்ரவரி 13-ஆம் தேதிக்கு உரிய அருளாளர் (புனிதர் பட்டத்துக்கு முந்தைய நிலையில் இருப்பவர்) யார் என்று தேடியபோது ஜேம்ஸ் மில்லர் என்ற அமெரிக்கப் பிரதரின் பெயர் கிடைத்திருக்கிறது. சுவரைப் பழுது பார்த்துக்கொண்டிருந்தவரை யாரோ வந்து சுட்டார்கள், கிறிஸ்துவை மறுதலிக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. அப்படியிருக்க அவர் எப்படி மறைசாட்சி, அதாவது விசுவாசத்துக்காக உயிர் கொடுத்தவர், ஆவார்? ஆசிரியராக இத்தனை வேலை செய்தவர் ஏன் குருவாகவில்லை? இதைப் பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்வது? இவைதான் உங்கள் கேள்விகள்.

பிரதர் விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். அது புரியாவிட்டால் மற்றது புரியாது.

நான் படித்தது பிரதர்மார் நடத்திய பள்ளியில். ஊரில் எல்லாரும் அவர்களிடம் கேட்கிற ஒரே கேள்வி, "பிரதர், எப்போ சாமியார் ஆவீங்க?" என்பதுதான். ஏதோ குருப்பட்டத்துக்கு முந்தைய படியில் நிற்பவர்கள் என்று நினைப்பு. மில்லர் சேர்ந்திருந்த தெ லா சால் துறவற சபையில் குருக்களே கிடையாது. பூசை வைப்பதில்லை, பாவசங்கீர்த்தனம் கேட்பதில்லை. பள்ளிக்கூடம்தான் அவர்களுடைய அழைத்தல்.

சபையை நிறுவிய புனித ஜான் பாப்டிஸ்ட் தெ லா சால் ஒரு குரு. பிரான்சில் ரேம்ஸ் நகரத்தில் 1651-இல் வசதியான குடும்பத்தில் பிறந்தவர். ஏழைப் பிள்ளைகளுக்குப் பாடம் நடத்த வந்த, சாப்பாட்டுக்கே வழியில்லாத ஆசிரியர்களைத் தன் வீட்டில் கூட்டிவந்து தங்கவைத்தார். சொந்தக்காரர்கள் கோபப்பட்டார்கள். அவர் அந்த ஆசிரியர்களோடு போய்ச் சேர்ந்துகொண்டார். அப்படி வளர்ந்ததுதான் இந்தச் சபை. ஒரு பிரதரையாவது குருவாக்கலாம் என்று அவரே ஒரு கட்டத்தில் எண்ணி, ஹென்றி லெரோ என்பவரைப் படிக்க அனுப்பினார். பட்டம் பெறுவதற்கு முன்பே அவர் இறந்துபோனார். இதை இறைவனின் குறிப்பாக எடுத்துக்கொண்ட நிறுவனர், இந்தச் சபையில் குருக்கள் வேண்டாம் என்று முடிவு செய்தார். குருவானால் பீடம் ஒரு பக்கம் இழுக்கும், வகுப்பறை இன்னொரு பக்கம் இழுக்கும். முழு ஆளும் பிள்ளைகளுக்கு வேண்டும் என்பதுதான் எண்ணம். கற்பு, ஏழ்மை, கீழ்ப்படிதல் ஆகிய வழக்கமான வார்த்தைப்பாடுகளோடு (கடவுள் முன் கொடுக்கும் உறுதிமொழிகள்), கல்வி வழியாக ஏழைகளுக்குப் பணிசெய்ய ஒன்றுசேர்கிறோம் என்ற வார்த்தைப்பாட்டையும் இந்தப் பிரதர்கள் கொடுக்கிறார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். மில்லர் செத்தது இந்த வார்த்தைப்பாட்டுக்காக என்றுதான் நான் சொல்லப்போகிறேன்.

ஜேம்ஸ் மில்லர் 1944 செப்டம்பர் 21 அன்று பிறந்தார். ஊர், அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் ஸ்டீவன்ஸ் பாயின்ட் என்ற நகரத்தை ஒட்டிய கிராமப்பகுதி. விவசாயக் குடும்பம், ஐந்து பிள்ளைகளில் மூத்தவர். குறைமாதத்தில் பிறந்த குழந்தை, எடை இரண்டு கிலோகூட இல்லை. அந்தக் குழந்தை பிற்பாடு ஆறடிக்கு மேல் உயர்ந்து, அதற்கேற்ற உடம்பும், அடுத்த அறைக்குக் கேட்கிற சிரிப்புமாக ஆனது. மாடு கன்றுகளோடும் வயல் வேலையோடும் வளர்ந்ததால் கையால் செய்கிற எந்த வேலைக்கும் அவர் கூசியதே இல்லை.

ஸ்டீவன்ஸ் பாயின்டில் பசெல்லி உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்தபோதுதான் தெ லா சால் பிரதர்களை முதன்முதலாகப் பார்த்தார். 15 வயதில், 1959-இல், மிசௌரி மாநிலத்தின் கிளென்கோவில் இருந்த அவர்களுடைய பயிற்சி இல்லத்துக்குப் போனார். 1962-இல் நவதுறவு, அதாவது துறவறப் பயிற்சியின் தொடக்க நிலை. அப்போது கிடைத்த துறவறப் பெயர் லியோ வில்லியம். பிறகு அந்தப் பெயரை விட்டுவிட்டு ஞானஸ்நானப் பெயருக்கே திரும்பிவிட்டார்.

முதல் பணி மினசோட்டா மாநிலத்தின் செயின்ட் பால் நகரத்தில், கிரெட்டின் உயர்நிலைப் பள்ளியில். ஸ்பானிஷ், ஆங்கிலம், மறைக்கல்வி மூன்றும் எடுத்தார். பையன்களுக்கு அமெரிக்கக் கால்பந்தும் பயிற்றுவித்தார். இதெல்லாம் போக, பள்ளியின் பராமரிப்பு வேலையும் அவர் தலையில்தான். குழாய் ஒழுகினாலும் கதவு மாட்டிக்கொண்டாலும் பிரதர் ஜேம்ஸைத்தான் தேடுவார்கள். "எதையும் சரிசெய்கிற பிரதர்" என்று பட்டப்பெயரே வந்துவிட்டது. கையில் திருப்புளியோடு நடந்துபோகிற ஒரு பிரதரை எங்கள் பள்ளியிலும் பார்த்திருக்கிறேன். காலையில் பாடம் நடத்துவார், சாயங்காலம் உடைந்த பெஞ்சுக்கு ஆணி அடிப்பார். இரண்டும் ஒரே வேலைதான் என்பது போல அவர் முகம் இருக்கும். மில்லரைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் அவர் ஞாபகம்தான் வரும்.

1969 ஆகஸ்டில் இறுதி வார்த்தைப்பாடு கொடுத்தார். உடனே நிகராகுவாவுக்கு அனுப்பப்பட்டார். கரீபியன் கடலோரத்தில் புளூஃபீல்ட்ஸ் என்ற ஊரில் சில ஆண்டுகள் பாடம் நடத்திவிட்டு, 1974-இல் இன்னும் வடக்கே புவெர்த்தோ கபேசாஸ் என்ற துறைமுக ஊருக்குப் போனார். மிஸ்கிட்டோ பழங்குடி மக்களின் பகுதி அது. தலைநகரம் மனாகுவாவில் இருந்தவர்களுக்கு அந்தக் கரை ஏறக்குறைய வேறு நாடு மாதிரி. அங்கே பள்ளியின் தலைமைப் பொறுப்பு அவருக்கு வந்தது. சுமார் 300 மாணவர்கள் இருந்த பள்ளி அவர் காலத்தில் சுமார் 800 ஆனது. கைத்தொழில் பயிற்சிக் கூடம் வந்தது. திட்டம் போட்டதும் அவர், கலவை குழைத்துக் கட்டியதிலும் அவர் கை உண்டு.

அரசாங்கம் இதைக் கவனித்தது. கிராமப்புறங்களில் பத்துப் புதிய பள்ளிகள் கட்டுவதை மேற்பார்வை செய்யச் சொன்னது. அவர் ஒப்புக்கொண்டார்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். மில்லரைப் பற்றி எழுதுகிற பலர் இதைச் சட்டென்று தாண்டிப் போய்விடுகிறார்கள். அன்றைய அரசாங்கம் என்றால் சொமோசா குடும்பத்தின் சர்வாதிகாரம். நாற்பது ஆண்டுகளுக்கு மேல் நிகராகுவாவைத் தங்கள் பண்ணை போல நடத்திய குடும்பம். அவர்களுடைய தேசியக் காவல்படை செய்த கொடுமைகள் ஊரறிந்தவை. அந்த அரசாங்கத்தின் பணத்திலும் அனுமதியிலும்தான் மில்லர் பள்ளி கட்டினார். அந்த ஆட்சியை எதிர்த்துப் போராடிய இடதுசாரி சந்தினிஸ்தா புரட்சியாளர்கள் பார்வையில் இது எப்படி இருந்திருக்கும்? ஆட்சிக்கு வேண்டியவர் என்றுதான். 1979 ஜூலையில் சொமோசா நாட்டைவிட்டு ஓடி, சந்தினிஸ்தாக்கள் மனாகுவாவுக்குள் நுழைந்தபோது, மில்லரின் உயிருக்கு ஆபத்து வரலாம் என்று பயந்த சபை மேலாளர்கள் அவரை நாடு திரும்பச் சொல்லி உத்தரவிட்டார்கள்.

அவர் சொமோசாவை ஆதரித்தாரா? என் மதிப்பீட்டைச் சொல்கிறேன். கடலோரத்தில் ஒரு மிஸ்கிட்டோ பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் வேண்டும், கட்டடம் வேண்டும், அதற்குச் சிமென்ட் வேண்டும். அதைக் கொடுக்கக்கூடியது அப்போது அந்த அரசாங்கம் ஒன்றுதான். அவர் கை நீட்டி வாங்கினார். அரசியலைக் கணக்குப் போட்டுப் பார்க்கிற ஆள் இல்லை அவர். அது ஒரு குறை என்று நீங்கள் சொன்னால் நான் மறுக்க மாட்டேன். ஆனால் பிற்பாடு குவாத்தமாலாவில் அவரைக் கொன்றவர்கள் எதிர்த்திசையிலிருந்து வந்தார்கள் என்பதையும் பார்க்க வேண்டும். ஒரு நாட்டில் இடதுசாரிகளுக்கு ஆகாதவர், பக்கத்து நாட்டில் வலதுசாரி இராணுவத்துக்கு ஆகாதவர். இரண்டு இடத்திலும் அவர் செய்தது ஒரே வேலை, பழங்குடிப் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தியது. பிள்ளைகளுக்குச் சொல்லும்போது இந்த நிகராகுவாப் பகுதியை விட்டுவிடாதீர்கள். அருளாளர் ஆனவர்களும் குழப்பமான காலத்தில் சிக்கலான முடிவுகள் எடுத்து வாழ்ந்தவர்கள்தான் என்று அவர்களுக்குத் தெரிவது நல்லது.

அமெரிக்கா திரும்பி மறுபடி கிரெட்டின் பள்ளியில் ஓர் ஆண்டு. வசதியான ஊர், பழகிய பள்ளி, இருந்தும் மனம் ஒட்டவில்லை. மத்திய அமெரிக்காவுக்கே திரும்பிப் போக வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். 1980-இல் நியூ மெக்சிகோவில் ஆன்மிகப் புதுப்பித்தல் பயிற்சி ஒன்றில் கலந்துகொண்டார். 1981 ஜனவரியில் உத்தரவு வந்தது. நிகராகுவா அல்ல, குவாத்தமாலா.

அங்கே என்ன நடந்துகொண்டிருந்தது என்று தெரியாமல் அவர் போகவில்லை. குவாத்தமாலாவில் 1960-இல் தொடங்கிய உள்நாட்டுப் போர் 1996 வரை நீடித்தது. இரண்டு லட்சம் பேருக்கு மேல் கொல்லப்பட்டார்கள் அல்லது காணாமல் போனார்கள். போர் முடிந்தபின் ஐ.நா. ஆதரவோடு அமைந்த உண்மையறியும் ஆணையம் 1999-இல் அறிக்கை கொடுத்தது. அடையாளம் காணப்பட்ட பாதிக்கப்பட்டவர்களில் 83 சதவீதம் பேர் மாயா பழங்குடியினர், பதிவான மீறல்களில் 93 சதவீதத்துக்கு அரசுப் படைகளும் அவற்றோடு சேர்ந்த ஆயுதக் குழுக்களும் பொறுப்பு என்றது. மிக மோசமான ஆண்டுகள் 1981 முதல் 1983 வரை. மில்லர் போய் இறங்கியது அதன் வாசலில்.

திருச்சபையும் தப்பவில்லை. இராணுவத்தின் கண்ணில் மறைக்கல்வி ஆசிரியர் என்றாலே கலகக்காரர்தான். கிராமத்தில் எழுதப் படிக்கத் தெரிந்தவர், கூட்டம் கூட்டுகிறவர், மக்கள் பேச்சைக் கேட்கிறவர் என்றால் பெரும்பாலும் அவராகத்தான் இருப்பார். (நீங்களும் அந்த வேலைதான் செய்கிறீர்கள் என்பதால் சொல்கிறேன்.) கொலைகள் பெருகியதால் கிச்சே மறைமாவட்டத்தின் ஆயர் ஹுவான் ஹெரார்தி 1980-இல் குருக்களையும் கன்னியரையும் வெளியேற்றி மறைமாவட்டத்தையே மூட வேண்டியதாயிற்று. 1981 ஜூலை 28 அன்று, மில்லர் வந்து ஆறு மாதம் ஆகியிருந்த நேரம், ஸ்டான்லி ராதர் என்ற அமெரிக்கக் குரு சான்டியாகோ அத்தித்லான் ஊரில் தன் பங்கு இல்லத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டார்.

மில்லருக்குப் பணி கிடைத்தது வேவேதெனாங்கோ என்ற மேற்கு மலைநாட்டு ஊரில். மெக்சிகோ எல்லை அதிக தூரமில்லை. மாம் உள்ளிட்ட பல மாயா மொழிகள் பேசும் மக்கள் சுற்றுக் கிராமங்களில் இருக்கிறார்கள். அங்கே பிரதர்களுக்கு ஒரு மேல்நிலைப் பள்ளியும் 'காசா இந்திஹெனா' என்ற மாணவர் இல்லமும் இருந்தன. பழங்குடியினர் இல்லம் என்பது அதன் பொருள். தொலைவான மலைக் கிராமங்களிலிருந்து வந்த மாயா பையன்கள் அங்கே தங்கிப் படித்தார்கள். வகுப்புப் பாடத்தோடு விவசாயமும் கற்றார்கள். படித்து முடித்ததும் ஊருக்குத் திரும்பி அங்கே ஆசிரியராகவோ ஊரை வழிநடத்துபவராகவோ ஆக வேண்டும் என்பது நோக்கம். விவசாயி மகன் மில்லருக்கு இதைவிடப் பொருத்தமான இடம் கிடைத்திருக்காது. அங்கே அவரை எல்லாரும் எர்மானோ (பிரதர்) சந்தியாகோ என்று அழைத்தார்கள். ஜேம்ஸ் என்பதன் ஸ்பானிஷ் வடிவம் சந்தியாகோ. நமக்கு இது புதிய பெயர் இல்லை. யாக்கோபு திருத்தூதரை நம் மக்கள் சந்தியாகப்பர் என்று கும்பிடுகிறார்களே, அதே பெயர்தான். ராமேஸ்வரம் தீவில் தங்கச்சிமடத்தில் அவர் கோவில் இருக்கிறது. வகுப்பில் "சந்தியாகு பிரதர்" என்று சொன்னாலே பிள்ளைகளுக்கு நெருக்கமாகிவிடும்.

சரி, ஒரு மாணவர் இல்லம் யாருக்கு என்ன இடைஞ்சல்? குவாத்தமாலா இராணுவத்துக்கு ஆள் தேவைப்பட்டது. சட்டப்படி அழைத்து ஆளெடுப்பது பெயருக்குத்தான். நடைமுறையில் சந்தை நாளிலும் திருவிழாவிலும் லாரியைக் கொண்டுவந்து நிறுத்தி, கண்ணில் படுகிற மாயா இளைஞர்களைப் பிடித்துப் போட்டுக்கொண்டு போவார்கள். பணக்கார வீட்டுப் பிள்ளைகளை யாரும் தொடுவதில்லை. பிடித்துக்கொண்டு போன பையனைக்கொண்டே அவன் இனத்தவரைச் சுட வைப்பார்கள். பள்ளியில் படிக்கும் மாணவர்களுக்குப் படைச் சேவையிலிருந்து விலக்கு உண்டு. ஆகவே ஒரு மாணவன் பிடிபட்டால், பிரதர்கள் அவன் படிக்கிறான் என்பதற்கான ஆவணத்தை எடுத்துக்கொண்டு படைமுகாமுக்குப் போய், விடுவிக்கச் சொல்லிக் கேட்பார்கள்.

இதைச் சாதாரண அலுவலக வேலை மாதிரி படித்துவிட்டுப் போகாதீர்கள். அந்த ஆண்டுகளில், அந்த நாட்டில், படைமுகாமின் வாசலில் போய் நின்று "இந்தப் பையனை நீங்கள் பிடித்தது தவறு, சட்டம் இப்படிச் சொல்கிறது" என்று பேசுவது என்ன என்று நினைத்துப் பாருங்கள். 1982 பிப்ரவரியில், மில்லர் இறப்பதற்குச் சில நாள் முன்பு, காசா இந்திஹெனா மாணவன் ஒருவனை இராணுவம் இப்படிப் பிடித்தது. பிரதர்கள் போய்ப் போராடினார்கள். கொலைக்குப் பின்னணி இதுதான் என்று பரவலாக நம்பப்படுகிறது.

அவருக்குப் பயம் இருந்ததா? இருந்தது. பயமாக இல்லையா என்று கேட்டவரிடம், படுக்கப்போகும்போது இவ்வளவு உருக்கமாக ஜெபிக்க முடியும் என்று நான் நினைத்ததே இல்லை என்றாராம். எனக்கு இந்தப் பதில் மிகவும் பிடிக்கும். இன்னொருவரிடம், அதையெல்லாம் நினைத்துக்கொண்டிருக்க நேரமில்லை, செய்ய வேண்டிய வேலை அவ்வளவு இருக்கிறது என்றார். 1982 ஜனவரியில் எழுதிய கடிதத்தில், வன்முறையைப் பார்த்துப் பார்த்துச் சலித்துவிட்டது என்று வெளிப்படையாக ஒப்புக்கொள்கிறார். இருந்தாலும் துன்பப்படும் ஏழைகள் மீதான பற்று குறையவில்லை என்கிறார். ஏறக்குறைய இருபது ஆண்டு பிரதராக இருந்தபின் இந்த அழைத்தல் தன்னுள் இன்னும் உறுதியாகிக்கொண்டே வருகிறது, தன் உயிரை இறைவனின் பராமரிப்பில் வைக்கிறேன் என்று எழுதுகிறார். ஒரு மாதத்துக்குப் பிறகு அவர் உயிரோடு இல்லை.

1982 பிப்ரவரி 13, சனிக்கிழமை. பிற்பகல். காசா இந்திஹெனாவின் தெருப்பக்கச் சுவரில் பழுது. மில்லர் ஏணி போட்டு ஏறிச் சரிசெய்துகொண்டிருந்தார். ஒரு கார் வந்தது. முகத்தை மூடிய மூன்று பேர் சுட்டார்கள். அந்த இடத்திலேயே இறந்தார். வயது 37. இல்லத்தின் சன்னலிலிருந்து பிள்ளைகள் சிலர் இதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

சுட்டவர்கள் யார் என்று இன்றுவரை எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை. விசாரணை ஒன்றும் கண்டுபிடிக்காமல் முடிந்தது. யாரும் தண்டிக்கப்படவில்லை. வேவேதெனாங்கோவில் இறுதிச் சடங்கு நடந்தது, பிறகு உடல் செயின்ட் பாலுக்குப் போனது, கடைசியில் விஸ்கான்சினில் சொந்த ஊர்ப்பக்கத்துக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டது.

இப்போது உங்கள் முதல் கேள்விக்கு வருகிறேன். மறுதலிக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லையே, இவர் எப்படி மறைசாட்சி?

நீங்கள் கேட்பது நியாயம். நம் மனதில் இருக்கும் மறைசாட்சி என்றால் ஓரியூரில் தலை வெட்டப்பட்ட அருளானந்தர், காற்றாடிமலையில் சுடப்பட்ட தேவசகாயம். விசுவாசத்தை விடு, இல்லையேல் சாவு என்று நேருக்கு நேர் நின்ற கதைகள். மில்லரின் சபையிலேயே அப்படிப்பட்டவர் ஒருவர் உண்டு. புனித ஹைமே இலாரியோ என்ற ஸ்பானியப் பிரதர். காது கேட்காமல் போனதால் பாடம் நடத்துவதை விட்டுவிட்டுச் சபை இல்லத்தில் தோட்ட வேலை பார்த்தார். ஸ்பானிய உள்நாட்டுப் போரில் கைதானபோது, வெறும் தோட்டக்காரன் என்று சொல்லிவிடு, பிழைத்துக்கொள்வாய் என்று யோசனை சொன்னார்கள். நான் துறவி என்றே சொன்னார். 1937 ஜனவரி 18 அன்று தர்ரகோனாவில் அவரை நிறுத்திச் சுட்டார்கள். இரண்டு முறை வரிசையாகச் சுட்டும் குண்டு சரியாகப் படவில்லை. தளபதியே பக்கத்தில் வந்து கைத்துப்பாக்கியால் சுட்டார். இங்கே கேள்வியும் இருக்கிறது, பதிலும் இருக்கிறது. மில்லருக்குக் கேள்வி கேட்கக்கூட யாரும் நிற்கவில்லை.

மறைசாட்சியம் என்று திருச்சபை அறிவிக்க, கொன்றவர்கள் பக்கத்தில் 'விசுவாசத்தின் மீதான வெறுப்பு' இருந்திருக்க வேண்டும். குவாத்தமாலாவில் இராணுவத்திலும் கத்தோலிக்கர்கள்தான் இருந்தார்கள். ஞானஸ்நானம் பெற்றவனே சுடும்போது அது விசுவாச வெறுப்பா என்று கேட்டால், பழைய வரையறைக்குள் அடங்காது. ஆனால் இந்தச் சிக்கலை முதலில் பார்த்தவர்கள் நம் காலத்தவர்கள் இல்லை. விசுவாசம் ஒன்றுதான் மறைசாட்சியத்துக்குக் காரணமாக முடியுமா என்று 13-ஆம் நூற்றாண்டிலேயே புனித தாமஸ் அக்குவினாஸ் கேட்டிருக்கிறார். அவர் காட்டிய உதாரணம் திருமுழுக்கு யோவான். ஏரோது யோவானிடம் கடவுளை மறுதலி என்று சொல்லவில்லை. சகோதரன் மனைவியை நீ வைத்திருப்பது முறையல்ல என்று சொன்னதற்காகத் தலை போயிற்று. ஆனாலும் திருச்சபை அவரை மறைசாட்சியாகத்தான் கொண்டாடுகிறது. கடவுளுக்காகச் செய்யப்படும் எந்த நற்செயலும் விசுவாசத்தை அறிக்கையிடுவதுதான் என்பது அக்குவினாஸின் வாதம்.

அந்தப் பழைய வாதத்துக்கு நம் காலத்தில் பெரிய சோதனை, எல் சால்வதோர் பேராயர் ஆஸ்கர் ரொமேரோ. 1980 மார்ச் 24 அன்று திருப்பலி நிறைவேற்றும்போது சுடப்பட்டவர். அவரையும் 'அரசியல் கொலைதானே' என்று பல ஆண்டுகள் தள்ளிவைத்தார்கள். 2015-இல் திருத்தந்தை பிரான்சிஸ் அவர் சாவை விசுவாச வெறுப்பால் நேர்ந்த மறைசாட்சியம் என்று ஏற்றுக்கொண்டார். அதற்குப் பிறகு மத்திய அமெரிக்காவின் மற்ற வழக்குகளும் ஒவ்வொன்றாக முன்னேறின. ஸ்டான்லி ராதர் 2017-இல் அருளாளர் ஆனார். மில்லரின் மறைசாட்சியம் 2018 நவம்பரில் ஏற்கப்பட்டது. 2019 டிசம்பர் 7 அன்று அவர் கொல்லப்பட்ட வேவேதெனாங்கோ ஊரிலேயே அருளாளர் பட்டம் வழங்கினார்கள். பனாமாவைச் சேர்ந்த கர்தினால் ஹோசே லூயிஸ் லக்குன்சா திருத்தந்தையின் பிரதிநிதியாக வந்து தலைமை தாங்கினார். மறைசாட்சிகளுக்கு அருளாளர் பட்டத்துக்குப் புதுமை (அற்புதம்) தேவையில்லை, புனிதர் பட்டத்துக்குத் தேவை. ஆகவே அவர் இன்னும் அருளாளர்தான். வகுப்பில் 'புனித' என்று சொல்லிவிடாதீர்கள்.

மில்லர் விஷயத்தில் இதை நான் இப்படிப் புரிந்துகொள்கிறேன். அவரைக் கொன்றவர்கள் அவர் ஜெபமாலை சொல்வதையோ பூசைக்குப் போவதையோ வெறுக்கவில்லை. மலையிலிருந்து வந்த ஒரு மாம் பையன் படிப்பதை வெறுத்தார்கள். படித்தவன் ஊருக்குத் திரும்பினால் தன் நிலம் எது, தன் உரிமை எது என்று கேட்பான். அவனைத் துப்பாக்கி தூக்க வைக்கவும் முடியாது. அந்தப் பையனைப் படிக்கவைப்பேன் என்று கடவுள் முன்னால் கொடுத்த வார்த்தையை ஒருவர் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார். அந்த வார்த்தைப்பாட்டை எடுத்துவிட்டால் அவரைக் கொல்ல அவர்களுக்குக் காரணமே இல்லை. அவர் விஸ்கான்சினில் மாடு மேய்த்துக்கொண்டு சுகமாக இருந்திருப்பார். அதனால்தான், ஏணியில் நின்றபோது யாரும் கேள்வி கேட்கவில்லை என்றாலும், அந்தக் கேள்விக்கு அவர் ஏற்கெனவே பதில் சொல்லியாகிவிட்டது என்கிறேன். 1981 ஜனவரியில் விமானம் ஏறியபோது சொன்னார். பையன் பிடிபட்டதும் முகாமுக்குப் போன பிரதர்களில் ஒருவராக இருந்து மறுபடியும் சொன்னார்.

ஒரு சங்கடத்தையும் மறைக்காமல் சொல்கிறேன். இரண்டு லட்சம் குவாத்தமாலா மக்களில் ஓர் அமெரிக்கருக்கு மட்டும் பட்டமா என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். கேட்க வேண்டிய கேள்விதான். வெளிநாட்டுப் பிரதரின் வழக்கைக் கையிலெடுத்து நடத்த ஒரு சபை இருந்தது. கிராமத்து மறைக்கல்வி ஆசிரியருக்கு அப்படி யாரும் இல்லை. அந்தக் குறை ஓரளவு 2021 ஏப்ரல் 23 அன்று சரியானது. கிச்சே மறைமாவட்டத்தில் கொல்லப்பட்ட பத்துப் பேர் அன்று அருளாளர்கள் ஆனார்கள். அவர்களில் மூன்று பேர்தான் குருக்கள். மற்ற ஏழு பேரும் அந்த மண்ணின் பொதுநிலையினர். ஹுவான் பர்ரேரா மெந்தெஸ் என்ற 12 வயதுச் சிறுவனும் அதில் உண்டு. உங்கள் வகுப்புப் பிள்ளைகள் வயது. மில்லரைப் பற்றிச் சொல்லும்போது இவர்களையும் சேர்த்துச் சொல்லுங்கள். அவர் யாருக்காக அங்கே இருந்தாரோ அவர்கள் இவர்கள்தான்.

கடைசிக் கேள்வி, பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்வது. துப்பாக்கிச் சூட்டில் தொடங்காதீர்கள். அதில் தொடங்கினால் அவர்களுக்கு அது மட்டும்தான் ஞாபகம் இருக்கும். இரண்டு கிலோகூட இல்லாமல் பிறந்த குழந்தையிலிருந்து ஆரம்பியுங்கள். அப்புறம் கிரெட்டின் பள்ளியில் குழாய் சரிசெய்த கதை, கடலோரத்தில் பள்ளி கட்டிய கதை. அதற்குப் பிறகு அந்தப் பையனின் கதைக்கு வாருங்கள். உங்களை மாதிரி ஒரு மாணவன், சந்தைக்குப் போனாலே பிடித்துக்கொண்டு போய்விடுகிற ஊரில் இருந்தான், ஒருநாள் பிடித்தே விட்டார்கள், அவனைத் திருப்பிக் கேட்க அவனுடைய பிரதர்கள் முகாமுக்குப் போனார்கள் என்று சொல்லுங்கள். அங்கே ஒரு நிமிடம் நிறுத்துங்கள். நீங்களாக இருந்தால் போவீர்களா என்று பிள்ளைகளைக் கேட்கலாம். ஏணியைப் பற்றி அதற்கு அப்புறம் சொன்னால் போதும்.